இரண்டு அடி பின்னால்

2005 ஏப்ரல், லிவர்பூல் கால்பந்து அணியின் மைதானமான ஆன்ஃபீல்டில் இத்தாலியின் யுவென்டஸோடு ஆட்டம். அந்த கார்னர் இன்னிக்கு மறுபடி கண்ணில் பட்டது.

ஜெரார்ட் அடிக்க, லூயிஸ் கார்சியா தட்டிவிட, சாமி ஹூபியா இடது காலால் ஒரே அடி. கோல்! இத்தனைக்கும் டிஃபெண்டர்.

ஓட்டத்தில் வேகம் கிடையாது. அதனால் எதிராளி பாஸ் போடும் முன்பே இரண்டு அடி பின்வாங்கி, உடம்பைப் பாதி திருப்பி நிற்பார். நேராக நின்றால், திரும்புவதற்குள் ஸ்ட்ரைக்கர் தாண்டிப் போயிருப்பான்.

1999இல் லிவர்பூல் அவரை வாங்கியது 26 லட்சம் பவுண்டுக்கு. பத்து சீசன். சல்லிசு!

2011இல் ஜெர்மனியின் லெவர்குசன் கிளப்பில் ஓய்வு, பிறகு அங்கேயே பயிற்சியாளர். முன்கூட்டியே கணிக்கும் அந்தக் கண்ணைப் பதினோரு பேருக்கும் எப்படிப் பொருத்துவது? அடுத்துப் போன இங்கிலாந்தின் பிரைட்டன் கிளப்பிலிருந்து 2014 டிசம்பரிலேயே விலகினார். சுவிட்சர்லாந்தின் சூரிச் கிளப்பும் நிலைக்கவில்லை.