நொடிக்கு 18 பிரேம்: டோர்ஸ்கியின் ஊமைப்படங்கள்

அமெரிக்கத் திரைக்கலைஞர் நதானியல் டோர்ஸ்கியின் பெரும்பாலான படங்களில் கதை கிடையாது, ஒலியும் கிடையாது. 1943இல் நியூயார்க்கில் பிறந்தவர், சான் பிரான்சிஸ்கோவாசி. பிழைப்புக்குப் பிறருடைய ஆவணப்படங்களின் எடிட்டிங்கில் உதவிக்கொண்டு, தன் படங்களை 16 மி.மீ. பிலிமில் தனியாளாக எடுத்தார். டிஜிட்டலில் வெளியிடுவதில்லை. கேன்யன் சினிமா போன்ற விநியோக அமைப்பிடம் பிரிண்டை வாடகைக்கு எடுத்துத்தான் திரையிட வேண்டும்.

அப்படி வாடகைக்கு எடுப்பவர்கள் கோட்டைவிடுவது பெரும்பாலும் வேகத்தில். இவை ஒலிப்படங்களைப் போல நொடிக்கு 24 அல்ல, 18 பிரேமில் ஓட வேண்டியவை. 16 மி.மீ.யில் ஓர் அடிக்கு 40 பிரேம். 20 நிமிடப் படம் என்றால் 540 அடி. அதையே 24இல் விட்டால் 15 நிமிடத்தில் முடிந்துவிடும். நேரம் குறைவதைவிட மோசம், இலையின் அசைவுகூடப் பரபரப்பாகிவிடுவது. பிற்காலப் புரொஜக்டர்கள் பலவற்றில் 24 மட்டுமே உண்டு என்பதால், பிரிண்டுக்குச் சொல்லும் முன்பே கருவியைப் பார்த்துவிட வேண்டும்.

அடுத்தது ஷட்டர், அதாவது புரொஜக்டரின் ஒளியை விட்டுவிட்டு மறைக்கும் சுழல்தகடு. மூன்று பிளேடு இருந்தால் 18 பிரேமுக்கு நொடிக்கு 54 முறை ஒளி விழும். இரண்டு பிளேடு என்றால் 36தான். படம் படபடத்துக் கண் வலிக்கும். 54இலும் மெல்லிய துடிப்பு இருக்கத்தான் செய்யும். அதைக் கோளாறு என்று நினைத்து வேகத்தைக் கூட்டிவிடாதீர்கள். ஆம்ப்ளிஃபயரை அணைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் ஒலித்தடம் இல்லாத பிலிம் வெறும் இரைச்சலைத் தரும். பின்னணி இசை போடலாமா என்று எப்படியும் ஒருவர் கேட்பார். கூடாது.

இவரைப் பின்பற்றி எடுப்பவர்கள் சறுக்குவது எடிட்டிங்கில். அழகான ஷாட்களை வரிசையாக ஒட்டினால் காலண்டர்தான் மிஞ்சும். நீர்த்துளி வழியும் கண்ணாடி ஜன்னலை அடுத்து நனைந்த குடையை வைத்துப் பாருங்கள்: ‘ஓ, மழை’ என்று மனசு முடிவுகட்டிவிடும், கண் பார்ப்பதை நிறுத்திவிடும். டோர்ஸ்கியின் வெட்டு அந்த உடனடித் தொடர்பைத் தவிர்க்கிறது. ஜன்னலில் கண்ட ஒரு நிறமோ அசைவின் திசையோ சில ஷாட்கள் தள்ளி, சம்பந்தமே இல்லாத வேறொரு பொருளில் எதிரொலிக்கும். எனவே ஒரு ஷாட்டை எடுத்துவிட்டால் பக்கத்து ஷாட் மட்டுமல்ல, தள்ளி இருப்பவையும் ஆட்டம் காணும். திரும்பத் திரும்ப முழுசாக ஓட்டிப் பார்க்காமல் இதைச் செய்ய வழியில்லை.

நிறத்துக்கு நெடுங்காலம் கோடக் நிறுவனத்தின் கோடக்ரோம் என்ற கலர் பிலிமை டோர்ஸ்கி நம்பியிருந்தார். அந்தப் பிலிமில் சாயத்துக்கான வேதிப்பொருளே இருக்காது; கழுவும்போதுதான் அது சேரும். அதனால் வீட்டில் கழுவ முடியாது, லேப் மூடினால் கதை முடிந்தது. கன்சாஸில் இருந்த கடைசி லேப் 2010 டிசம்பர் 30 வரை வந்த ரோல்களோடு நிறுத்திக்கொண்டது. அவருடைய கடைசி கோடக்ரோம் படம் 2009இன் ‘காம்ப்ளின்’. அடுத்து வந்த ‘ஆபேட்’ கலர் நெகட்டிவில் எடுத்தது. இரண்டையும் ஒரே மாலையில் திரையிட்டால் நிழல்களைக் கவனியுங்கள்: முன்னதில் கறுப்பு அடர்ந்து நிற்கும், பின்னதில் நிழலுக்குள்ளும் பொருள்கள் தெரியும்.