டீ இருக்கா? இருக்கு!

இங்கிலாந்துக்குப் பிழைக்க வந்ததாக எண்ணிக்கொண்டு தென்மேற்கு மூலையில் தாமர் ஆற்றைத் தாண்டி கார்ன்வாலுக்குள் நுழைந்தால், வரவேற்புப் பலகையிலேயே கார்னிஷ் என்ற இன்னொரு மொழி நிற்கிறது. கார்ன்வாலுக்கு அதில் ‘கெர்னோ’ என்று பெயர். விசாரித்தால், “அதுவா? 1777இலேயே செத்துப்போன மொழியாச்சே” என்பார்கள். தாய்மொழியை மட்டும் சொத்தாகக் கொண்டுவந்தவர்களுக்கு அந்தப் பேச்சு சுருக்கென்று தைக்கும்.

1777இல் இறந்தது டாலி பென்ட்ரீத் என்ற மீன்காரப் பாட்டி. இந்த மொழியைக் கடைசியாகப் பேசியவர் என்று சொல்லப்படுபவர். கார்ன்வாலின் மௌசல் ஊர்க்காரர். அவருக்குப் பின்னும் கார்னிஷ் தெரிந்தவர்கள் இருந்தார்கள். அதே ஊர் மீனவர் வில்லியம் போடினர் 1789 வரை வாழ்ந்தார். 1776இல், தம் 65ஆம் வயதில், கார்னிஷில் ஒரு கடிதம் எழுதினார்: சிறுவயதில் அப்பாவோடும் இன்னும் ஐந்து பேரோடும் கடலுக்குப் போனால், வாரம் முழுக்கப் படகில் ஓர் ஆங்கிலச் சொல் காதில் விழுவதே அபூர்வம், இப்போது ஊரில் நாலைந்து கிழடுகளுக்குத்தான் தெரியும், இளசுகள் மறந்துவிட்டார்கள். நாம் தமிழில் கேட்டு நம் பிள்ளைகள் ஆங்கிலத்தில் பதில் சொல்லும்போதெல்லாம் இந்தக் கடிதம் நெஞ்சில் வந்து நிற்கும்.

மொழி தேய்ந்த கதை இது: 1549இல் ஆட்சியாளர்கள் தேவாலயங்களில் ஆங்கில வழிபாட்டு நூலைத் திணித்தார்கள். எதிர்த்தவர்களை ஆயிரக்கணக்கில் கொன்றார்கள். வேல்ஸ் மொழிக்கு 1588இல் முழு பைபிள் வந்தது, கார்னிஷுக்கு வரவில்லை. தேவாலயத்தை விட்ட மொழி பிறகு சந்தையை விட்டது, கடைசியில் படகையும் விட்டது.

1904இல் ஹென்றி ஜென்னர் என்ற அறிஞர் கார்னிஷ் மொழிக் கையேடு வெளியிட்டு அதன் மீட்பைத் தொடங்கிவைத்தார். பிறகு எழுத்துக்கூட்டல் சண்டை பல பத்தாண்டுகள் நடந்தது. பொது எழுத்துமுறை 2008இல்தான் வந்தது. அதனால் பழைய பாடநூலை வாங்கிப் படித்தால் இன்றைய தெருப்பலகையோடு ஒத்துப்போகாது. 2011 கணக்கெடுப்பில் இதுவே தங்கள் முதன்மை மொழி என்று எழுதியவர்கள் 557 பேர்.

நமக்கு இந்த மொழி எளிது. ‘ஆம்’, ‘இல்லை’ என்று தனிச்சொல்லைத் தேடி ஆங்கிலேயர்கள் திணறுவார்கள். இங்கே வினைச்சொல்லையே திருப்பிச் சொல்ல வேண்டும். “ஏஸ் தே?” என்றால் டீ இருக்கா? “ஏஸ்” என்றால் இருக்கு. இங்கே வேரூன்றிவிட்டோம் என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே அந்த ஒரு கேள்வி நம்மைத் தெருமுனை டீக்கடை பெஞ்சில் உட்காரவைத்துவிடும். “இமா காத் திம்” என்பதைச் சொல்லுக்குச் சொல் வைத்தால் ‘இருக்கு பூனை எனக்கு’.

முதலெழுத்து மாறுவதுதான் பலரைக் குழப்பும். பூனைக்கு ‘காத்’, ‘அந்தப் பூனை’ என்னும்போது க ஒலி, ‘தங்கம்’ என்பதில் வரும் க போல மெலியும். த, ப இரண்டும் இதேபோல் மெலியும். ஒரே எழுத்தை இருவிதமாக ஒலித்துப் பழகிய நமக்கு இது பிடிபட்டுவிடும். ம என்பதோ வ ஆகிவிடும்: ‘மம்’ அம்மா, ‘அன் வம்’ அந்த அம்மா. அகராதியில் வ வரிசையில் தேடினால் கிடைக்காது. அம்மா ம வரிசையில்தான் இருப்பாள்.