ஆலங்காட்டில் அழுதுறங்கும் குழந்தை

திருவள்ளூருக்கும் அரக்கோணத்துக்கும் இடையே உள்ள திருவாலங்காடு நிலையத்தில் நான் இறங்கியபோது உச்சிப்பொழுது தாண்டியிருந்தது. கோயில் நடை சாத்தியிருக்கும் என்று தெரிந்தேதான் அந்த வண்டியில் வந்தேன். மாலையில் நடை திறப்பதற்குள் பழையனூரையும் பார்த்துவிட வேண்டும் என்பது என் எண்ணம். நடராசர் ஆடும் ஐந்து சபைகளுள் இரத்தின சபை இங்கே இருப்பதால், காலை விண்ணுக்குத் தூக்கி ஆடும் ஊர்த்துவ தாண்டவரைக் காணவே பெரும்பாலோர் வருகிறார்கள். நான் ஒரு பேயைக் காண வந்தேன். அப்படிச் சொல்ல எனக்குக் கூச்சமில்லை. தம் பாடல்களின் முடிவில் தம்மைக் 'காரைக்கால் பேய்' என்று குறித்துக்கொண்டவர், நாயன்மார்களுள் ஒருவரான காரைக்கால் அம்மையாரே.

பழையனூர் அருகிலேயே இருக்கிறது. இராசேந்திர சோழன் இவ்வூரை ஆலங்காட்டு இறைவனுக்குக் கொடுத்த செய்தி, 1905-இல் கிடைத்த 31 ஏடுகள் கொண்ட செப்பேட்டுத் தொகுதியில் இருக்கிறது. ஆனால் ஊரார் நினைவில் நிற்பது நீலியின் கதை. தன்னைக் கொன்ற வணிகனை மறுபிறவியிலும் விடாமல் தொடர்ந்த நீலிப்பேய், கள்ளிக் கொம்பை ஒடித்துக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, அவன் மனைவியைப் போல வந்து வழக்குரைத்தது. அந்தக் குழந்தை அவனை 'அப்பா' என்று அழைத்ததைக் கேட்ட வேளாளர்கள் அவனை அவளோடு அனுப்பினார்கள். அவனுக்கு ஒன்று நேர்ந்தால் தாங்களும் உயிர் விடுவதாக வாக்கும் கொடுத்தார்கள். விடிந்தபோது அவன் பிணமாகக் கிடந்தான். எழுபது வேளாளர்களும் சொன்ன சொல்லுக்காகத் தீப்பாய்ந்தார்கள். ஞானசம்பந்தரும் தம் பதிகத்தில், இந்த வஞ்சத்தைக் கேட்டு அஞ்சும் பழையனூர் என்று பாடுகிறார். அம்மையார் தலையால் நடந்த மண்ணை மிதிக்க மனமின்றி சம்பந்தர் ஆலங்காட்டுக்குள் வராமலே தங்கினார் என்று பெரியபுராணம் சொல்கிறது. அதை எண்ணியபடி திரும்பி நடந்தபோது, நானும் காலணியைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டேன்.

நடை திறக்கும் வரை மர நிழலில் அமர்ந்து, அம்மையார் இத்தலத்தில் பாடிய மூத்த திருப்பதிகங்கள் இரண்டையும் படித்தேன். தேவாரம் பாடிய மூவருக்கும் முந்தியவை என்பதால் 'மூத்த' என்ற பெயர். முதற்பதிகத்தின் தொடக்கத்திலேயே ஒரு பெண்பேய் நிற்கிறது: வற்றிய மார்பு, புடைத்தெழுந்த நரம்பு, குழிந்த வயிறு, சிவந்த தலைமயிர், நீண்ட இரண்டு பற்கள், உயர்ந்த கணுக்கால். இது வெளியிலிருந்து பார்த்து மிரண்டவர் எழுதியது அன்று. புனிதவதி என்ற இயற்பெயரோடு இருந்தபோது தசை உடம்பை உதறிவிட்டுப் பேய்வடிவை வேண்டிப் பெற்றவர், தம் சுற்றத்தாரைப் பற்றி எழுதியது.

என்னை இங்கே இழுத்து வந்த பாட்டு அதே பதிகத்தில் இருக்கிறது. சுடுகாட்டில் ஒரு பேய்த்தாய் தன் பிள்ளைக்குக் காளி என்று பேரிட்டுச் சீராக வளர்க்கிறாள். அதன் உடம்பில் ஒட்டிய புழுதியைத் துடைக்கிறாள், பால் கொடுக்கிறாள், பிறகு எங்கோ போய்விடுகிறாள். தாய் திரும்பி வருவதைக் காணாத பிள்ளை அழுது அழுது உறங்கிப்போகிறது. அந்தப் புறங்காட்டில்தான் அப்பன் ஆடுகிறான் என்கிறார் அம்மையார். நிணமும் மண்டையோட்டு மாலையும் வரும் அந்தப் பாட்டில் புழுதி துடைக்கும் ஒரு கையைக் காட்ட அவருக்குத் தோன்றியதே, அதைப் போன்ற கருணையை நான் வேறெங்கும் படித்ததில்லை. என் தாயாரை இழந்த ஆண்டில் இந்தப் பாட்டை வாய்விட்டுப் படிக்க என்னால் முடியவில்லை. 'போயின தாயை' என்ற இடத்தில் குரல் நின்றுவிடும். நீலி இடுப்பிலிருந்த கள்ளிக் குழந்தை 'அப்பா' என்றது பொய். இங்கே அழுதுறங்கும் இந்தக் குழந்தைக்கோ, பக்கத்திலேயே ஆடிக்கொண்டிருக்கும் அப்பன் ஒருவன் மெய்யாகவே இருக்கிறான்.

மாலையில் நடை திறந்தது. "முதல்ல காளியைச் சேவிச்சுட்டு வாங்கோ" என்று குருக்கள் சொன்னார். இறைவனோடு போட்டியிட்டு ஆடித் தோற்ற காளிக்கு முதல் வழிபாடு என்பது இத்தலத்து மரபு. குளக்கரைக் காளியை வணங்கித் திரும்பி, வடாரண்யேசுவரரையும் வண்டார்குழலி அம்மையையும் தரிசித்துவிட்டு இரத்தின சபைக்கு வந்தேன். திருவடி தலைக்கு மேல் உயர்ந்து நிற்க, அருகில் எலும்பும் தோலுமாகச் சிறிய உருவில் அம்மையார் இருந்தார். கயிலையில் உமையம்மை யாரென்று கேட்டபோது இறைவன் 'நம்மைப் பேணும் அம்மை' என்று சொன்னது இவரைத்தான். திருவடிக் கீழ் இருந்து பாட வேண்டும் என்று கேட்டவர் கேட்ட இடத்திலேயே இருக்கிறார்.

தீப ஒளி அவருடைய விலா எலும்புகளின் மேல் ஏறி இறங்கியது. ஒடுங்கிய கன்னத்துக்கு மேலே கண்கள் மட்டும் மகிழ்ச்சியாய் இருந்தன. அந்தக் குழந்தையின் பாட்டை மெல்லிய குரலில் தொடங்கினேன். குரல் வழக்கமான இடத்தில் நின்றது. மூச்சை இழுத்துக்கொண்டு, 'அழுதுறங்கும்' என்பதையும் தாண்டி, 'அப்பன் இடம் திருவாலங்காடே' வரை சொன்னேன். நான் முடிக்கும் வரை குருக்கள் திருநீற்றுத் தட்டை ஏந்தியபடி காத்து நின்றார்.