பைராய்த்: வீலாண்ட் வாக்னரின் வெற்று மேடை

ஜெர்மனியின் நூரெம்பெர்கிலிருந்து ரயிலில் சுமார் ஒரு மணி நேரப் பயணத்தில் பைராய்த் வந்துவிடுகிறது. இவ்வூருக்கு வருவோரில் பெரும்பாலோர் இசையமைப்பாளர் ரிச்சர்ட் வாக்னருக்காக வருகிறார்கள். நான் வந்தது, அவருடைய பேரனும் இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய ஓபரா (இசை நாடக) மேடையின் முகத்தை மாற்றிய இயக்குநருமான வீலாண்ட் வாக்னருக்காக.

ரிச்சர்ட் வாக்னரின் ஓபராக்களை மேடையேற்றும் பைராய்த் விழாவின் காலம் முடிந்திருந்ததால், பசுங்குன்றின் மீதுள்ள விழா அரங்கை வழிகாட்டியுடன் சுற்றிப் பார்க்க முடிந்தது. 1876-இல் திறக்கப்பட்ட அந்த அரங்கில் ஏறத்தாழ 1,900 பேர் அமரலாம். இசைக்குழு மேடைக்கு அடியில் சரிந்திறங்கும் பள்ளத்தில், வளைந்த மறைப்புக்குப் பின்னால் அமர்வதால், விளக்குகள் அணைந்தபின் மேடையன்றி வேறெதுவும் கண்ணில் படாது. வீலாண்ட் ஒளியை மட்டுமே நம்பி ஒரு கலையை உருவாக்கத் துணிந்ததன் காரணம் அங்கே நின்றபோதுதான் எனக்கு விளங்கியது.

1951 ஜூலை 30 அன்று, போரினால் நின்றுபோயிருந்த விழா மீண்டும் தொடங்கியபோது, அவர் அரங்கேற்றிய 'பார்சிஃபால்' ஓபராவில் திரைச்சீலைக் காடுகளும் கோயில் தூண்களும் இல்லை. ஒரு வட்ட மேடையும் அதன்மேல் விழுந்த ஒளியும் மட்டுமே இருந்தன. பழைய ரசிகர்கள் கொதித்தனர். 1956-இல், நூரெம்பெர்கில் நடக்கும் கதையான 'மைஸ்டர்சிங்கர்' ஓபராவிலிருந்து நூரெம்பெர்க் வீதிகளையே அகற்றினார். 1961-இல் 'டான்ஹாய்சர்' ஓபராவில் வீனஸாகப் பாட அமெரிக்கக் கறுப்பினப் பாடகி கிரேஸ் பம்ப்ரியை அழைத்தபோது எதிர்ப்புக் கடிதங்கள் குவிந்தன. அரங்கேற்றத்தன்றோ கைதட்டல் நெடுநேரம் ஓயவில்லை. இந்த ஒளிக்கலைக்கு முன்னோடி, அடோல்ஃப் அப்பியா என்ற சுவிட்சர்லாந்துக்காரர். அவருடைய யோசனைகளை வீலாண்டின் பாட்டி கோசிமா ஒருகாலத்தில் நிராகரித்தார் என்பதை நினைத்தால் சிரிப்பு வருகிறது.

ஆனால் ரிச்சர்ட் வாக்னர் வாழ்ந்த, இன்று அருங்காட்சியகமாகிவிட்ட வான்ஃப்ரீட் மாளிகைக்கும், அதை ஒட்டி வீலாண்டின் தந்தை பெயரிலுள்ள சீக்ஃப்ரீட் வாக்னர் இல்லத்துக்கும் சென்றபின் அந்த வியப்போடு ஓர் உறுத்தலும் சேர்ந்துகொள்கிறது. வீலாண்டின் தாய் வினிஃப்ரெட் ஹிட்லரின் நெருங்கிய தோழி. ஹிட்லர் இந்த இல்லத்தில் விருந்தினராகத் தங்கியிருக்கிறார். 1917-இல் பிறந்த வீலாண்ட் அந்த மனிதரின் செல்லப்பிள்ளையாகவே வளர்ந்தார். நாஜிக் கட்சியில் சேர்ந்தார். ஹிட்லரின் தயவால் போர்முனைக்கு அனுப்பப்படாமல் தப்பினார். போரின் இறுதி மாதங்களில், ஃப்ளோசன்பூர்க் வதைமுகாமின் கிளையாகப் பைராய்த்திலேயே இயங்கிய ஆய்வுக்கூடத்தில் பொறுப்பு வகித்தார். 1951-இல் அவரும் தம்பி வோல்ஃப்காங்கும், விழா வளாகத்தில் அரசியல் பேச வேண்டாம் என்று பார்வையாளர்களைக் கேட்டுக்கொண்டனர்.

நாஜிகள் கொண்டாடிய கவசங்களையும் கொம்புத் தொப்பிகளையும் துடைத்தெறிந்த மேடை, கூடவே குடும்பத்தின் நினைவுகளையும் துடைக்க முயன்றது என்றே நான் கருதுகிறேன். அதனால் அதன் அழகு குறைந்துவிடவில்லை. அந்த அழகைக் காட்டி அவரை விடுவிக்கவும் முடியாது. கையில் பணமில்லாத காலம் அது என்பதும் எளிமைக்கு ஒரு காரணமே.

1966 அக்டோபரில், 49 வயதில், வீலாண்ட் மியூனிக்கில் காலமானார். அவருடைய 'பார்சிஃபால்' 1973 வரை பைராய்த்தில் தொடர்ந்தது. இன்று அவருடைய இயக்கத்தைக் காண விரும்புவோர், 1967-இல் ஜப்பானின் ஒசாகா நகரில் நடந்த 'டிரிஸ்டான்' நிகழ்ச்சியின் கறுப்பு வெள்ளைப் பதிவைத் தேடிப் பார்க்கலாம். பல இடங்களில் பாடகர்களின் முகமே சரியாகத் தெரியாத அளவுக்கு அது இருட்டாக இருக்கும்.