நிலவறையில் இருந்த சம்பளப் பேரேடுகள்

2001ஆம் ஆண்டின் தொடக்கத்தில், ஜேர்மனியின் ரூர் பகுதியில் நான் சம்பளப் பிரிவில் பணியாற்றிய உலோகத் தொழிற்சாலைக்கு உக்ரைனிலிருந்து ஒரு கடிதம் வந்தது. 1942 முதல் 1945 வரை அங்கே வேலை செய்ததற்கு அத்தாட்சி வேண்டுமென்று ஒரு மூதாட்டி கேட்டிருந்தார். நாசி ஆட்சியில் கட்டாய உழைப்புக்கு உள்ளாக்கப்பட்டவர்களுக்கு இழப்பீடு வழங்குவதற்கான சட்டம் 2000 ஆகஸ்டில் ஜேர்மனியில் நடைமுறைக்கு வந்திருந்தது. அரசும் தொழில்துறையும் சரிபாதியாகப் பங்கிட்டு 1000 கோடி மார்க் ஒதுக்கியிருந்தன. பணம் பெறச் சான்று தேவைப்பட்டது. பிரிவில் வயதில் இளையவன் என்பதால் நிலவறைச் சாவி என் கைக்கு வந்தது.

தடித்த அட்டையிட்ட பேரேடுகள் ஈரவாடையோடு வரிசையாக இருந்தன. பெயர்கள் பழைய ஜேர்மன் கையெழுத்தில் இருந்ததால், ஓய்வுபெற்ற கணக்காளர் ஒருவர் சில பிற்பகல்கள் வந்து எனக்கு வாசித்துக் காட்டினார். ஆனால் எண்களுக்கு அவருடைய உதவி வேண்டியிருக்கவில்லை. சம்பளக் கணக்கு எழுதுபவனுக்கு, சம்பளத்திலிருந்து பிடிக்கும் ஒரு கழிவு எந்த மாதத்தில் புதிதாக முளைத்தது என்பது உடனே கண்ணில் படும். சர்வாதிகாரத்தைப் பற்றிப் பாடப்புத்தகத்தில் படித்ததைவிட அதிகமாக, அதன் வருகையை நான் அந்த எண் பத்திகளில்தான் கண்டேன்.

1933 மே 1ஆம் திகதியைச் சம்பளத்தோடு கூடிய விடுமுறையாக அறிவித்துத் தொழிலாளரை ஊர்வலம் போகச் செய்த அரசு, மறுநாளே தொழிற்சங்க அலுவலகங்களைக் கைப்பற்றி, அவற்றின் சொத்துகளையும் பறித்துக்கொண்டது. சில நாட்களில், சங்கங்களின் இடத்தில், நாசிக் கட்சியின் ரொபேர்ட் லேயின் தலைமையில் ஜேர்மன் தொழில் முன்னணி என்ற அமைப்பு உருவானது. எங்கள் ஏட்டில் அதன் சந்தா ஒரு கழிவாக நுழைந்திருந்தது. 1934 ஜனவரியில் வந்த சட்டம் முதலாளியை ஆலையின் 'தலைவர்' என்றும் தொழிலாளரை அவருடைய 'பரிவாரம்' என்றும் பெயர் மாற்றியது. அதற்குப் பிந்திய ஏடுகளின் தலைப்பிலும் பரிவாரம்தான். மணிக்கூலியை அரசு நியமித்த அறங்காவலர்கள் தீர்மானித்தார்கள், அதாவது பொருளாதாரப் பெருமந்தக் காலத்தின் தாழ்ந்த மட்டத்திலேயே கட்டி வைத்தார்கள். ஆகவே கூலிப் பத்தி ஆண்டுக்கணக்கில் அசையாமல் நிற்க, அதன் பக்கத்திலுள்ள வேலைமணிப் பத்தி ஏறிக்கொண்டே போகிறது. 1933இன் தொடக்கத்தில் வேலையில்லாதோர் ஏறத்தாழ 60 இலட்சம் பேர் என்பதை நினைத்தால், அந்த ஏற்றத்தைப் பலர் நன்றியோடு பார்த்திருப்பார்கள் என்றே தோன்றுகிறது. அந்த வேலைகளிற் பெரும்பகுதி படைக்கலத் தயாரிப்பைச் சார்ந்தது என்பது சம்பள ஏட்டில் தெரியாது.

1935இல் 'வேலைப் புத்தகம்' வந்தது. ஒருவர் வேலையில் இருக்கும் வரை அது முதலாளியிடமே இருக்கும். அது இல்லாமல் வேறிடத்தில் சேர முடியாது. அகதியாக இந்நாட்டுக்கு வந்து, முதலில் வேலை செய்யத் தடை, பிறகு முதலாளியின் பெயர் குறித்த அனுமதிப்பத்திரம் என்று சில ஆண்டுகளைக் கழித்தவன் நான். இரண்டும் ஒன்றல்ல. இருந்தாலும் அந்தப் புத்தகங்களின் இலக்கங்களைப் பார்த்தபோது சிறிது நேரம் ஏட்டை மூடி வைத்தேன்.

போர் தொடங்கி மூன்று நாட்களில், 1939 செப்டம்பர் 4இல், மேலதிக நேரம், இரவு, ஞாயிறு ஆகியவற்றுக்கான கூடுதல் கூலி நிறுத்தப்பட்டது. தொழிலாளர் முணுமுணுத்தார்கள், வேலைக்கு வராமல் நின்றார்கள். இரவு, ஞாயிறு வேலைக்கான கூடுதல் கூலி அந்த ஆண்டு முடியும் முன்பே திரும்பி வந்தது. 1940இல் அதற்கு வரிவிலக்கும் கிடைத்தது. இன்றும் ஜேர்மனியில் இரவுப்பணிக் கூடுதல் கூலிக்கு ஓர் எல்லை வரை வரியில்லை. மாதந்தோறும் நான் கணக்கிட்ட அந்தச் சலுகையின் பிறந்த ஆண்டு அதுவென்று அன்றுவரை எனக்குத் தெரியாது. 1941இன் இறுதியில் 'இரும்புச் சேமிப்பு' என்றொரு பத்தி சேர்கிறது. போர் முடியும் வரை எடுக்க முடியாத, வரியில்லாச் சேமிப்பு அது; 1948இன் நாணயச் சீர்திருத்தத்தில் வங்கியில் இருந்த 100 ரைக்ஸ்மார்க், அதாவது பழைய நாணயம், கடைசியில் 6.50 புதிய மார்க் ஆனது.

மூதாட்டியின் பெயர் இந்த ஏடுகளில் இல்லை. கிழக்கிலிருந்து கொண்டுவரப்பட்டவர்களுக்குத் தனி ஏடு இருந்தது. 1942 மார்ச்சில் நாசி அதிகாரியான ஃபிரிட்ஸ் சௌக்கல் தொழிலாளர் திரட்டலுக்குப் பொறுப்பேற்றபின் அவர்களின் தொகை பெருகியது. 1944 ஆகஸ்டில் ஜேர்மனியில் வேலை செய்த அந்நியத் தொழிலாளரும் போர்க்கைதிகளும் 76 இலட்சம் பேர். அந்த ஏட்டின் கணக்கு இப்படி நடக்கும்: அதே வேலைக்கு ஜேர்மானியர் பெறும் கூலி முதலில் வரும். மலிவான ஆட்களால் முதலாளிக்கு அளவுக்கு மீறிய இலாபம் சேரக்கூடாது என்று விதித்த 'கிழக்குத் தொழிலாளர் வரி' அடுத்த பத்தி, அது அரசுக்கு. உணவுக்கும் படுக்கைக்கும் நாளொன்றுக்கு 1.50 ரைக்ஸ்மார்க். மீதி, கையில் கொடுப்பது. சில வாரங்களில் அந்த மீதி ஒரு சில மார்க்குகள்தான்.

கணக்கில் பிழையே இல்லை. ஓரிடத்தில் 3 பெனிக், அதாவது மார்க்கின் நூறில் மூன்று பங்கு, தவறியதைச் சிவப்பு மையால் அடித்துத் திருத்தி, பக்கத்தில் சுருக்கொப்பமும் இட்டிருந்தார்கள். நானும் அப்படித்தான் திருத்துவேன். அந்த எழுத்தர் கொடியவராக இருந்திருக்கத் தேவையில்லை என்பதுதான் என்னை நெடுநாள் தொந்தரவு செய்தது. அவருக்குத் தேவைப்பட்டதெல்லாம் சரிபார்க்கப்பட்ட ஒரு கூட்டுத்தொகை. வதைமுகாம் கைதிகளைப் பயன்படுத்திய ஆலைகளில் இந்த அளவுக்கும் பெயர் பதிவாகவில்லை. ஆளுக்கு நாளொன்றுக்கு 4 அல்லது 6 ரைக்ஸ்மார்க், முகாம்களை நடத்திய எஸ்.எஸ். அமைப்புக்குச் செலுத்தப்பட்டது, கைதிக்கு எதுவுமில்லை. அது சம்பளமல்ல, விலைச்சிட்டை. எங்கள் ஆலையில் அவர்கள் இருந்தார்களா என்பதைச் சம்பள ஏட்டைக் கொண்டு அறிய முடியாது.

மூன்றாம் நாள் மூதாட்டியைப் பிறந்த திகதியைக் கொண்டு கண்டுபிடித்தோம். பெயரை ஜேர்மன் ஒலிக்கேற்ப எழுதி, ஓர் எழுத்தையும் விட்டிருந்தார்கள். வந்தபோது அவருக்கு 17 வயது. 1945 மார்ச் மாதத்தோடு அவருடைய பதிவு நின்றுவிடுகிறது; இறுதிக் கணக்கும் இல்லை, குறிப்பும் இல்லை.

அத்தாட்சிக்கு எங்கள் கணினியிலிருந்த வழமையான படிவத்தைத் திறந்தேன். வேலையைவிட்டு நீங்கிய காரணத்தைக் குறிக்காமல் அது அடுத்த பக்கத்துக்குப் போகாது: தானாக விலகினார், நிறுவனம் நீக்கியது, ஒப்பந்தம் முடிந்தது. மூன்றையும் சில நிமிடங்கள் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, படிவத்தை மூடினேன். அலமாரியின் மேலிருந்த பழைய தட்டச்சுப் பொறியை இறக்கி, நாடா உலராமல் இருக்கிறதா என்று பார்த்து, கடிதத்தை முதல் வரியிலிருந்து அடிக்கத் தொடங்கினேன்.