பதினான்காம் பாடத்துப் பேய்

ஜப்பான் கிளையண்ட் வரப்போவதாக ஆபீஸில் ஒரு பேச்சு. அந்த வேகத்தில் பெங்களூர் அவென்யூ ரோடு பழைய புத்தகக் கடைக்குப் போய் ‘மின்னா நோ நிஹோங்கோ’ என்ற ஜப்பானிய மொழிப் பாடப்புத்தகத்தின் முதல் பாகம் வாங்கினேன். 200 ரூபாய். கடைக்காரர் நம்ம வேலூர்க்காரர்தான். “பாதி புத்தகத்தை யாரும் தொட்டதே இல்ல சார், புத்தம் புதுசு” என்றார். ஏன் தொடவில்லை என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.

அல்சூரில் வீட்டுக்கு வந்து பிரித்தால், பாடம் முழுக்க ஜப்பானியம். அர்த்தமும் இலக்கணமும் தனிப் புத்தகமாம். அதைப் புதிதாக வாங்க வேண்டியதாயிற்று. சுண்டைக்காய் கால் பணம், சுமைகூலி முக்கால் பணம். “ஆங்கில விளக்கத்தோடயே வர்ற ‘கெங்கி’ வாங்கியிருக்கலாமேண்ணா” என்று ஆபீஸ் தம்பி சொன்னான், நான் பணம் கொடுத்த மறுநாள்.

ஜப்பானிய எழுத்துமுறைகளில் ஒன்றான ஹிரகானாவில் அடிப்படை எழுத்து 46. நமக்கு 247, இதெல்லாம் ஒரு கணக்கா என்று இறங்கி இரண்டே வாரத்தில் முடித்தேன். இன்னொரு எழுத்துமுறையான கதகானாவில்தான் வந்தது வினை. ‘ஷி’, ‘ட்சு’ இரண்டுக்குமே இரண்டு குட்டிக் கோடு, ஒரு நீளக் கோடு. நீளக் கோட்டைக் கீழிருந்து இழுத்தால் ஷி, மேலிருந்து இழுத்தால் ட்சு. அச்சடித்த எழுத்தை எவன் எங்கிருந்து இழுத்தான் என்று நான் எங்கே போய் விசாரிப்பது?

புத்தகத்தை எனக்கு முன்னால் வைத்திருந்தவர் பதின்மூன்று பாடம் வரைக்கும் பென்சிலில் அழகாக விடை எழுதியிருந்தார். பதினான்காம் பாடம், வினைச்சொல்லை நம்ம ‘வந்து’, ‘போய்’ மாதிரி மாற்றும் ‘தெ’ வடிவம். ஓரத்தில் கன்னடத்தில் ‘நாளெ’ என்று ஒரே வார்த்தை. நாளைக்கு. கதவைத் தட்டும் பேயை விரட்ட அந்தக் காலத்தில் இந்த ஊரில் வீட்டுச் சுவரில் ‘நாளெ பா’, அதாவது ‘நாளைக்கு வா’ என்று எழுதி வைப்பார்களாம். அதற்கப்புறம் பென்சில் தடமே இல்லை.

நானும் அங்கேதான் நின்றேன். ‘காக்கு’ என்றால் எழுதுவது, எழுதி என்பதற்குக் ‘காயிதெ’. ‘மாட்சு’ என்றால் காத்திருப்பது, அது ‘மாத்தெ’. புலம்பிக்கொண்டே படித்ததை, கீரை ஆய்ந்துகொண்டிருந்த அம்மா கேட்டுவிட்டார்.

“வா, வந்து. போ, போய். நில்லு, நின்னு. இதுல மட்டும் என்ன ஒழுங்கு இருக்கு? சின்ன வயசுல நீ அழுதுக்கிட்டா கத்துக்கிட்டே?”

எழுந்து உட்கார்ந்தேன். சத்தமாக அடுத்ததைப் படித்தேன்: “நோமு, நொந்தெ.”

“அப்படின்னா?”

“நோமுன்னா குடிக்கிறது. நொந்தென்னா குடிச்சு.”

அம்மா கீரையிலிருந்து தலை நிமிரவில்லை. “சரியாத்தான் வெச்சிருக்கான்.”