இடது கையின் ஆடி மாதம்

2025 ஜூலை 20, ஞாயிறு

வியாசர்பாடியில் அம்மன் கோயில் கச்சேரி முடிந்து வீடு சேர்ந்தபோது இரவு ஒன்றரை மணி. ஆடி பிறந்துவிட்டால் எங்கள் மெல்லிசைக் குழுவுக்கு வெள்ளியும் ஞாயிறும் ஓய்வே கிடையாது. டிரம்ஸை உறைகளில் போட்டுக் கட்டிக்கொண்டிருந்தபோது கிதார் வாசிக்கும் நண்பன் அழைத்தான். ஆகஸ்ட் 5, அமெரிக்க டிரம்மர் ஜெஃப் போர்க்காரோவின் நினைவு நாள். நுங்கம்பாக்கத்தில் ஒரு வீட்டு மொட்டை மாடியில் நண்பர்கள் கூடி வாசிக்கப் போகிறார்களாம். “ரோசானாவை நீதான் வாசிக்க வேண்டும்” என்றான். போர்க்காரோ தன் டோட்டோ ராக் குழுவில் வாசித்த பாட்டு அது. யோசிக்காமல் சரி என்றேன். இப்போது தூக்கம் வரவில்லை.

ஜூலை 22, செவ்வாய்

இன்று வகுப்பில் ஒரு மாணவி, “சார், யார் இந்த போர்க்காரோ?” என்று கேட்டாள். அரை மணி நேரம் பேசிவிட்டேன்.

அப்பா ஜோ போர்க்காரோவும் தாளக் கலைஞர். ஏழு வயதில் குச்சி பிடித்த ஜெஃப், 17 வயதில் சோனி, ஷெர் என்ற பாடகர் ஜோடியின் குழுவோடு ஊர் ஊராகப் போகத் தொடங்கிவிட்டார். (நம் சிவமணியின் தொடக்கமும் இப்படித்தான். அப்பா எஸ்.எம்.ஆனந்தன் தாளக் கலைஞர். மகன் ஏழு வயதில் ஆரம்பித்தார்.) 1975-ல் ஸ்டீலி டேன் குழுவின் ஆல்பத்தில் ஜாஸ் மணக்கும் வாசிப்பு. 1979-ல் பிங்க் ஃபிளாய்டின் ‘மதர்’. தாள எண்ணிக்கை நடுநடுவே மாறிக்கொண்டே போகும் பாட்டு அது. அந்தக் குழுவின் டிரம்மர் நிக் மேசனுக்குப் பதிலாக இவர்தான் வாசித்தார். 1982-ல் மைக்கேல் ஜாக்சனின் ‘பீட் இட்’. பாடகரின் குரலும் கிதாரின் தனி வாசிப்பும் முன்பே பதிவாகியிருந்தன. அவற்றைக் கேட்டுக் கேட்டு அதன்மேல் டிரம்ஸைப் பொருத்தினார் என்று டோட்டோவின் கிதார் கலைஞர் ஸ்டீவ் லூகாதர் சொல்லியிருக்கிறார்.

கட்டடம் எழும்பிய பிறகு அடியில் அஸ்திவாரம் போடுவதைப் போன்ற வேலை! பாட்டை அத்தனை ஆழமாகக் கேட்கத் தெரிந்தவரால்தான் அது முடியும். ராக், ஜாஸ், பாப் என்று எதற்குக் கூப்பிட்டாலும் அவர் பொருந்தியதற்கு இந்தக் காதுதான் காரணம் என்று உறுதியாக நம்புகிறேன்.

ஜூலை 24, வியாழன்

பயிற்சி. வேகம் காட்டும் மெட்ரோனோமை நிமிடத்துக்கு 60 என்று வைத்துத் தொடங்கினேன். கேட்பதற்கு ரோசானா எளிது. உட்கார்ந்து வாசித்தால்தான் தெரியும். பெர்னார்ட் பர்டி என்ற மூத்த டிரம்மரின் ஷஃபிள் என்ற துள்ளல் தாளம், லெட் செப்பலின் ராக் குழுவின் ஜான் பான்ஹாம் வாசித்த ஷஃபிள், கால் பெடலில் பாடகர் போ டிட்லியின் தாளம், இம்மூன்றையும் கலந்து செய்ததாகப் போர்க்காரோவே ஒரு பயிற்சி வீடியோவில் பிரித்துக் காட்டியிருக்கிறார். ஹை-ஹேட் என்ற ஜோடித் தட்டில் வலது கை நடக்க, ஸ்நேர் டிரம்மில் இடது கை காதில் விழுந்தும் விழாமலும் முணுமுணுக்க வேண்டும். கோஸ்ட் நோட் என்போம். என் இடது கைக்கு முணுமுணுக்கத் தெரியவில்லை. கோயில் திடலில் கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும் என்று இத்தனை வருடம் ஓங்கி அடித்தே பழகிய கை.

ஜூலை 27, ஞாயிறு

சைதாப்பேட்டையில் கூழ் வார்க்கும் திருவிழா. எங்கள் கச்சேரிக்கு முன் கரகம் புறப்பட்டது. பம்பைக்காரப் பெரியவருக்கு அறுபது வயதுக்கு மேல் இருக்கும். பக்கத்தில் போய் நின்றேன். ஓங்கிய அடிகளுக்கு இடையில், யாரும் கவனிக்காத இடத்தில், சின்னச் சின்ன ஒலிகள் உருண்டுகொண்டே இருந்தன. அவை நின்றால் கரகம் ஆடுகிறவரின் காலும் நின்றுவிடும்.

மும்மூன்றாக எண்ணும் திஸ்ர நடை! வாய்விட்டே சொல்லிப் பார்த்தேன்: தகிட, தகிட. ‘த’வும் ‘ட’வும் வலது கைக்கு, ஹை-ஹேட்டில். நடுவில் இருக்கும் ‘கி’ இடது கைக்கு. மூன்றாவது எண்ணிக்கையில் மட்டும் ஸ்நேரில் ஓங்கி ஓர் அடி. ஒரு வாரமாக எங்கெங்கோ தேடியது சிறு வயதிலிருந்து கேட்ட ஆடி மாதத்துக்குள் இருந்திருக்கிறது. பெரியவரிடம் சொன்னேன். “தம்பி, கை எழும்பினால்தானே சத்தம் வரும்? எழும்ப விடாதே” என்றார்.

ஜூலை 30, புதன்

குச்சியை இரண்டு விரல் உயரத்துக்கு மேல் தூக்காமல் ஒன்றரை மணி நேரம். 72 வரை வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 2, சனி

கோடம்பாக்கத்தில் ஒரு பதிவுக்கு இன்று அழைத்திருந்தார்கள். வண்டியில் டிரம்ஸ் ஏற்றிய பிறகு தொலைபேசி வந்தது. கணினியிலேயே தாளத்தை முடித்துவிட்டார்களாம். வண்டி வாடகையையும் யாரும் தரவில்லை. கோபத்தைவிட வருத்தம்தான் அதிகம். அந்தப் பாட்டை ஒருமுறையாவது கேட்டிருப்பேன். அதற்கு என்ன தேவை என்று யோசித்திருப்பேன்.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

மாடியில் நாற்பது பேர் இருந்திருப்பார்கள். மாலையில் தூறல் போட்டு நின்றிருந்தது. 1992-ல் இதே நாளில் போர்க்காரோ இறந்தபோது அவருக்கு வயது 38 என்று நண்பன் சொன்னதும் ஒரு கணம் யாரும் பேசவில்லை. பிறகு என்னைப் பார்த்தான். மனதுக்குள் ‘தகிட’ ஓடியது. முதல் இரண்டு அளவு (நான்கு எண்ணிக்கை கொண்ட தாளச் சுற்று) டிரம்ஸ் மட்டும்தான், ஒளிந்துகொள்ள இடமே இல்லை. நான்காவது அளவில்தான் தோள் தளர்ந்தது. பாட்டின் நடுவே ‘கி’ என் காதிலேயே விழவில்லை. ஆனால் முன்வரிசையில் ஒரு சிறுமியின் கால் அதற்கேற்ப அசைந்துகொண்டிருந்தது.

வீட்டுக்கு வந்து ரப்பர் பலகையில் மீண்டும் வாசித்துப் பார்த்தேன். பாட்டின் கடைசிப் பகுதியில் இடது கை இன்னும் முந்துகிறது. வெள்ளிக்கிழமை திருவொற்றியூரில் கச்சேரி.